மேடையில் விளைந்த குரல்: கொடுமுடி கே. பி. சுந்தராம்பாளின் கலைவாழ்வு

தமிழ்க் கவிதை நெடுங்காலம் செவிவழி வாழ்ந்த கவிதை. ஏடும் அச்சும் அதனைக் காத்தன என்பது உண்மையே. ஆயினும் எழுத்தறியாத பெருந்திரளான மக்களிடம் அதனைக் கொண்டு சேர்த்தவர்கள் ஓதுவார்களும் கதைப்பாட்டுக்காரர்களும் கூத்தர்களும் நாடக மேடைப் பாடகர்களுமே ஆவர். இலக்கிய வரலாறு எழுதுவோர் புலவர்களுக்கு ஓர் அதிகாரம் ஒதுக்குவர். உரையாசிரியர்களுக்கும் பதிப்பாசிரியர்களுக்கும் தனித்தனி அதிகாரங்கள் ஒதுக்குவர். பாடியவர்களுக்கோ அடிக்குறிப்பில்கூட இடம் இருப்பதில்லை. இந்தக் குறையை எண்ணும்போதெல்லாம் முன்னே வந்து நிற்கும் பெயர்களுள் ஒன்று கொடுமுடி பாலாம்பாள் சுந்தராம்பாள்.

அவருடைய வாழ்க்கை பலவாறு சொல்லப்பட்டிருக்கிறது. காதல் காவியமாகச் சொல்வோர் உண்டு. பக்திச் சரிதமாகச் சொல்வோரும் உண்டு. இரண்டிலும் உண்மை இருக்கிறது. ஆனால் அவர் சிறுவயது முதல் முதுமை வரை உழைத்துப் பிழைத்த ஒரு தொழிற்கலைஞர் என்னும் உண்மை இவ்விரண்டு சித்திரங்களுக்கும் பின்னே மறைந்துபோயிற்று. அந்த உழைப்பின் வரலாறே இங்குக் கருதத்தக்கது.

காவிரிக் கரையில்

கொங்கு நாட்டுத் தேவாரத் தலங்கள் ஏழனுள் ஒன்று பாண்டிக்கொடுமுடி. காவிரி வளைந்து செல்லும் அவ்வூரில் 1908-ஆம் ஆண்டு அக்டோபர் மாதத்தில் சுந்தராம்பாள் பிறந்தார். தாய் பாலாம்பாள். குடும்பத்தில் வறுமை மிகுதி. ரயில் வண்டிகளில் பாடிப் பொருள் பெற்ற சிறுமியாகவே அவருடைய இசை வாழ்வு தொடங்கியது. அக்குரலை முதலில் அடையாளம் கண்டவர் திருச்சியில் நாடகத்தையும் சங்கீதத்தையும் வளர்த்த எப். ஜி. நடேச ஐயர் என்று ஒரு வரலாறு வழங்குகிறது. காவல்துறை அதிகாரி ஒருவர் என்று மற்றொரு வரலாறு வழங்குகிறது. எவ்வாறாயினும், பத்து வயதை ஒட்டிய பருவத்தில் அவர் வேலு நாயர் நாடகக் கம்பெனியில் சேர்ந்துவிட்டார். ‘நல்லதங்காள்’ நாடகத்தில் பசியால் வாடும் குழந்தையாக அவர் பாடிய பாடல் கேட்டோரைக் கலங்கச் செய்தது. பசியை நடிக்கக் கற்றுத்தர வேண்டிய அவசியம் அந்தக் குழந்தைக்கு இல்லை.

பள்ளியாக விளங்கிய மேடை

அந்நாளைய நாடக மேடையின் இயல்பை அறியாமல் அவருடைய குரலின் இயல்பை அறிய முடியாது. ஒலிபெருக்கி மேடைக்கு வராத காலம் அது. இரவு பத்து மணிக்குத் தொடங்கும் நாடகம் விடியும்வரை நடக்கும். கொட்டகையின் கடைசி வரிசையில் தரையில் அமர்ந்திருப்பவனுக்கும் சொல் தெளிவாகக் கேட்க வேண்டும். அவனுக்குக் கேட்காவிட்டால் ஊரில் மறுநாள் வசூல் இராது. ஆகவே நடிகர்கள் நாலு கட்டை, நாலரைக் கட்டை, அதற்கும் மேலான சுருதியில் பாடினர். காலால் மிதித்து வாசிக்கும் ஆர்மோனியமும் மிருதங்கமும் துணை. ராஜபார்ட், ஸ்திரீபார்ட், கள்ளபார்ட், பபூன் என்று நடிகர்கள் வகுக்கப்பட்டிருந்தனர். உச்சத்தில் ஒரு சுரத்தைப் பிடித்து நிறுத்தும் ஆற்றலும், நிறுத்திய அவ்விடத்திலும் எழுத்துச் சிதையாமல் உச்சரிக்கும் ஆற்றலும் ஒருங்கே பெற்றவரே அங்கு நிலைத்தனர்.

இம்மேடைக்கு யாப்பு தந்தவர் தவத்திரு சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922). வெண்பா, விருத்தம், கீர்த்தனை என்னும் பாவகைகளை வசனத்தோடு பிணைத்து அவர் ஆக்கிய நாடகங்கள், நடிகர்கள் அனைவருக்கும் பொதுவான மூலபாடமாயின. ‘வள்ளி திருமணம்’, ‘பவளக்கொடி’, ‘கோவலன்’, ‘சத்தியவான் சாவித்திரி’ ஆகியவற்றின் பாடம் மனத்தில் இருந்தால் போதும். வெவ்வேறு ஊர்களிலிருந்து வரும் நடிகர்கள் ஒத்திகை இன்றியே ஓரிரவில் கூடி நடித்துவிடலாம். ‘ஸ்பெஷல் நாடகம்’ என்று பெயர் பெற்ற இம்முறையில், கதை முன்பே முடிவானது. தர்க்கமோ மேடையிலேயே பிறப்பது. எதிரில் நிற்பவர் ஒரு பாட்டைப் பாடி வினா எழுப்பினால், மறுபாட்டால் அங்கேயே விடை இறுக்க வேண்டும். புலமையும் குரல்வளமும் சமயோசிதமும் ஒரே நேரத்தில் சோதிக்கப்பட்ட களம் அது.

பெண்களுக்கு அக்களம் இரட்டைச் சோதனையாக இருந்தது. சங்கரதாஸ் சுவாமிகள் 1918-இல் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபை போன்ற ‘பாய்ஸ் கம்பெனி’களில் பெண் வேடங்களைச் சிறுவர்களே ஏற்றனர். கும்பகோணம் பாலாமணி அம்மாளைப் போல் சொந்தமாகப் பெண்கள் குழு நடத்திப் புகழ் பெற்றவர்கள் இருந்தனர் எனினும், மேடையேறிய பெண்ணைச் சமூகம் ரசித்தது, மதிக்கவில்லை. டிக்கெட் வாங்கி இரவெல்லாம் கேட்டவர்களே பகலில் அவளைக் ‘கூத்தாடி’ என்றனர். பெண் வேடம் புனைந்த சிறுவனுக்கு அந்தப் பெயர் வேடத்தைக் கலைத்தவுடன் பாதி கலைந்துவிடும். பெண்ணுக்கோ அது கலையாத வேடம். சுந்தராம்பாள் தம் வாழ்நாள் முழுவதும் போராடியது இந்த ஒரு சொல்லோடுதான் என்று கூறினும் மிகையாகாது.

இரு குரல்கள்

1920-களில் தமிழ் நாடகக் குழுக்களுக்கு இலங்கை இரண்டாம் தாயகம் போன்றது. கொழும்பில் சுந்தராம்பாளின் பெயர் ஓங்கியிருந்த 1926-ஆம் ஆண்டில் அங்கு வந்து சேர்ந்தார் செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பா. 1906-இல் பிறந்த கிட்டப்பா சிறுவயதிலேயே மேடையேறி, கன்னையா கம்பெனியின் ‘தசாவதாரம்’ முதலிய நாடகங்களால் பெரும்புகழ் பெற்றவர். மின்னல்போல் மேலே பாய்ந்து பிருகாக்களைப் பொழியும் குரல் அவருடையது. சுந்தராம்பாளோடு ஒரே மேடையில் நின்று பாடுவது எளிதன்று என்று அவரை நண்பர்கள் எச்சரித்தனராம். எச்சரிக்கையே அழைப்பாயிற்று. ‘வள்ளி திருமணம்’ நாடகத்தில் இருவரும் எதிரெதிர் நின்றனர். தினைப்புனம் காக்கும் வள்ளிக்கும் வேடனாக வந்த வேலனுக்கும் நிகழும் தர்க்கம், அக்கொட்டகையில் இரண்டு பெருங்குரல்களின் தர்க்கமாகவே நிகழ்ந்தது.

1927-இல் இருவரும் மணந்துகொண்டனர். கிட்டப்பா முன்பே திருமணமானவர். உயர்சாதிக் குடும்பத்தைச் சேர்ந்தவர். மேடையில் இணையாக நின்ற பெண்ணுக்கு அவருடைய இல்லத்தில் இணையான இடம் கிடைக்கவில்லை. பிறந்த குழந்தையும் தங்கவில்லை. பிரிவும் மனத்தாங்கலும் சூழ்ந்த அந்த ஆண்டுகளில் சுந்தராம்பாள் கணவருக்கு எழுதிய கடிதங்கள் பிற்காலத்தில் அச்சேறின. அலங்காரமற்ற அம்மடல்களைப் படிப்போர், அன்பும் தன்மானமும் ஒன்றையொன்று விட்டுக்கொடுக்காமல் ஒரே தாளில் நிற்பதைக் காணலாம். மன்றாடும் குரலும் உண்டு. கணக்குக் கேட்கும் குரலும் உண்டு. வள்ளியாக நின்று தர்க்கம் செய்து பழகியவர் அல்லவா அவர்!

1933-ஆம் ஆண்டு டிசம்பர் 2-ஆம் நாள் கிட்டப்பா மறைந்தார். அப்போது அவருக்கு வயது 27, சுந்தராம்பாளுக்கு 25. இருவரும் சேர்ந்து பாடிய காலம் ஏழாண்டுகளைத் தாண்டவில்லை. இசைத்தட்டுகளில் எஞ்சிய கிட்டப்பாவின் குரலும், ஏறத்தாழ அரை நூற்றாண்டு அவருக்குப்பின் வாழ்ந்த சுந்தராம்பாளின் நினைவுமே அக்காலத்தின் எச்சங்கள்.

வெள்ளுடையும் நந்தனார் வேடமும்

கணவர் மறைந்தபின் சுந்தராம்பாள் வெள்ளைக் கதர் உடுத்தி, நெற்றியில் திருநீறு அணிந்து, அணிகலன்களைத் துறந்தார். இனி எந்த ஆணுக்கும் இணையாக மேடையில் நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார். அக்காலத்துக் கைம்பெண் ஒழுக்கத்தின் கட்டளையை அவர் அப்படியே ஏற்றார் என்று இதனைக் கொள்ளலாம். ஆனால் அக்கட்டளை எதிர்பார்த்தது வீட்டின் மூலையை. அவர் தேர்ந்ததோ மேடையின் நடுவிடத்தை. ஓராண்டு போல ஒதுங்கியிருந்தவர், காங்கிரஸ் தலைவர்களும் நண்பர்களும் வற்புறுத்த, மீண்டும் வந்தபோது நந்தனாராக வந்தார்.

அத்தேர்வு கூர்ந்து நோக்கத்தக்கது. இணைநடிகர் இல்லாத வேடம் வேண்டும் என்றால் ஆண்வேடம் ஏற்பது ஒரு தொழில்நுட்பத் தீர்வு. ஆனால் ராஜபார்ட்டின் கிரீடத்தை அவர் சூடவில்லை. பெரியபுராணத்தில் திருநாளைப்போவாராக வந்து, கோபாலகிருஷ்ண பாரதியாரின் கீர்த்தனைகளில் பண்ணையாளாக விரிந்த நந்தனைத் தேர்ந்தார். கோயில் வாசலுக்கு வெளியே நிறுத்தப்பட்ட ஒருவனின் ஏக்கத்தை, மரியாதையின் வாசலுக்கு வெளியே நிறுத்தப்பட்ட ஒரு பெண் பாடினார். அவர் அதனை எண்ணித் தேர்ந்தாரோ, இல்லையோ, கேட்டவர்களின் செவியில் இரண்டு துயரங்களும் ஒரே சுருதியில் சேர்ந்தன.

1935-இல் ‘பக்த நந்தனார்’ திரைப்படமாயிற்று. இயக்கியவர் மாணிக்லால் டாண்டன். வேதியராக நடித்தவர் கர்நாடக இசை மேதை மகாராஜபுரம் விசுவநாத ஐயர். அதில் நடிப்பதற்குச் சுந்தராம்பாள் பெற்ற ஊதியம் ஒரு லட்சம் ரூபாய். இந்தியத் திரையுலகிலேயே அதற்குமுன் எவரும் பெற்றிராத தொகை என்று அது பேசப்பட்டது. படம் எதிர்பார்த்த வெற்றியைப் பெறவில்லை. ஆனந்த விகடனில் கல்கி எழுதிய விமரிசனம், படத்தில் வந்த எருமையின் நடிப்பை மெச்சி மனிதர்களின் நடிப்பைக் கேலி செய்தது. நகைச்சுவை நிலைத்துவிட்டது. ஆனால் ரயிலில் பாடிய சிறுமி, திரைத்தொழில் தவழ்ந்துகொண்டிருந்த காலத்தில் தன் குரலுக்குத் தானே விலை நிர்ணயித்தாள் என்பது அந்நகைச்சுவையைக் காட்டிலும் நினைவில் நிற்க வேண்டிய செய்தி. கலைஞரின் ஊதியத்தைக் குறிப்பிடுவது இலக்கியக் கட்டுரைக்கு ஒவ்வாதது என்று கருதுவோர், பரிசில் பெற்ற பாணர் மரபை மறந்தவராவர்.

தேசத்தின் மேடை

சுதந்திரப் போராட்ட காலத்தில் நாடக மேடை அரசியல் மேடையாகவும் இயங்கியது. நாடகத் தணிக்கை இருந்தது. ஆகவே பாட்டு உருவகத்தில் புகுந்துகொண்டது. மதுரகவி பாஸ்கரதாஸ் புனைந்த கொக்குப் பாட்டு, தினைப்புனக் காட்சியில் பாடப்பட்டபோது, வெள்ளைக் கொக்கு எது என்பதை மக்களும் அறிந்தனர், காவலரும் அறிந்தனர். அதனைப் பாடிப் பலமுறை சிறை சென்ற எஸ். எஸ். விஸ்வநாததாஸ், 1940-ஆம் ஆண்டின் கடைசி நாளில் முருகன் வேடத்திலேயே மேடையில் உயிர்நீத்தார். இம்மரபைச் சார்ந்தவரே சுந்தராம்பாளும். தேசியப் பாடல்களை இசைத்தட்டில் பதிந்தார். சத்தியமூர்த்தியின் அழைப்பை ஏற்று, 1937-ஆம் ஆண்டுத் தேர்தலில் ஊர் ஊராகச் சென்று காங்கிரசுக்காகப் பாடினார். கூட்டத்தைச் சேர்ப்பதற்கும் சேர்ந்த கூட்டத்தை அமைதிப்படுத்துவதற்கும் அக்குரல் ஒன்றே போதுமானதாக இருந்தது.

1951-இல் அவர் சென்னைச் சட்ட மேலவை உறுப்பினரானார். இந்தியாவில் சட்டமன்றத்துள் நுழைந்த முதல் திரைக்கலைஞர் அவரே என்பர். பின்னர்த் தமிழகத்தில் திரையிலிருந்து கோட்டைக்குச் சென்ற பாதை அகலமானது. அதில் சென்றவர்கள் முதலமைச்சர்களாகவும் ஆயினர். அப்பாதையில் முதல் அடி வைத்தவர் வெள்ளைச் சேலை உடுத்திய ஒரு நாடகப் பெண் என்பது அடிக்கடி நினைக்கப்படுவதில்லை.

இலக்கியத்திலிருந்து எழுந்த பெண்கள்

அவர் நடித்த படங்கள் எண்ணிக்கையில் மிகுதியல்ல. ஆனால் அவர் ஏற்ற வேடங்களை வரிசைப்படுத்திப் பார்ப்பது கவிஞர்களுக்குப் பயன் தரும். 1940-இல் மணிமேகலை. 1953-இல் ஔவையார். 1964-இல் ‘பூம்புகார்’ படத்தில் கவுந்தியடிகள். 1965-இல் ‘திருவிளையாடல்’ படத்திலும் 1967-இல் ‘கந்தன் கருணை’யிலும் மீண்டும் ஔவையார். 1973-இல் காரைக்கால் அம்மையார். தமிழிலக்கியத்தின் துறவுப் பெண்கள் ஏறக்குறைய அனைவருமே இப்பட்டியலில் அடங்கிவிடுகின்றனர்.

இது தற்செயலன்று. ஆணுக்கு இணையாக நடிப்பதில்லை என்னும் உறுதி, காதலியாகவும் மனைவியாகவும் அமையும் வேடங்களை அவருக்கு மூடிவிட்டது. திரைப்படம் பெண்ணுக்கு வைத்திருந்த வேறு வேடங்கள் மிகச் சில. ஆகவே அவருக்காகக் கதை தேடியவர்கள் பழந்தமிழ் இலக்கியத்தை நோக்கித் திரும்ப வேண்டியதாயிற்று. ஆடவனைச் சாராமல் தன் சொல்லால் நின்ற பெண்கள் அங்கே இருந்தனர். அட்சயபாத்திரம் ஏந்தி ஊரார் பசி தீர்த்தவள் மணிமேகலை. இளமையை உதறி முதுமையை வேண்டிப் பெற்று, வேந்தர்களிடம் அஞ்சாமல் பேசியவள் கதைகளில் வழங்கும் ஔவை. வழித்துணையாக வந்து அறம் உரைத்தவர் கவுந்தி. அழகிய உடலை உதறிப் பேயுருவை வேண்டிப் பெற்றவர் காரைக்கால் அம்மையார். ஒரு நடிகை தனக்கு இட்டுக்கொண்ட எல்லை, ஓர் இலக்கிய மரபு திரையில் ஏறுவதற்கு வாயிலாயிற்று.

இவற்றுள் எஸ். எஸ். வாசன் ஜெமினி நிறுவனத்தின் சார்பில் தயாரித்து, கொத்தமங்கலம் சுப்பு இயக்கிய ‘ஔவையார்’ பெரும் முயற்சி. அப்போது சுந்தராம்பாளுக்கு வயது 45 எட்டவில்லை. ஆயினும் கோலூன்றிய மூதாட்டியாக அவர் வந்தபோது, தமிழ் மக்கள் மனத்தில் ஔவைக்கு ஒரு முகமும் ஒரு குரலும் நிலைபெற்றன. பள்ளிப் பாடமாக மனனம் செய்யப்பட்ட அறமொழிகள், ஒருவர் வாயிலிருந்து பேச்சாகப் புறப்பட்டன. சங்க கால ஔவை, நீதிநூல் ஔவை என்று ஆராய்ச்சியாளர் பிரித்தறிவது ஒருபுறம் இருக்க, மக்களுக்கு ஔவை ஒருவரே. அவர் கொடுமுடிக் குரலில் பாடுபவர்.

ஒரு சொல்லுக்காக

‘பூம்புகார்’ படத்தைப் பற்றி ஒரு செய்தி வழங்குகிறது. அதன் திரைக்கதையும் வசனமும் மு. கருணாநிதியுடையவை. பகுத்தறிவு இயக்கத்தைச் சேர்ந்த அவருடைய படத்தில், முருகனடியாராகிய சுந்தராம்பாள் நடிக்க முதலில் தயங்கினார். இசைந்தபின், பாடல் ஒன்றில் கோவலன் கொலையுண்டதைக் குறித்து, நின்று கொல்லும் தெய்வம் எங்கே என்று வினவும் பொருளில் அமைந்த ஓர் அடியைப் பாட மறுத்தாராம். உடனே ‘எங்கே’ என்பது ‘இங்கே’ என்று மாற்றப்பட்டதாம். ஓரெழுத்து மாறியது, எதுகை கெடவில்லை, சந்தம் கெடவில்லை, வினா விடையாயிற்று. எதிரெதிர்க் கொள்கையுடைய இருவர் ஒரு பாட்டின் முன் நின்று, தத்தம் நிலையை விடாமலே உடன்பாடு கண்டனர்.

யாப்பறிந்தோர் இதிலுள்ள நயத்தை உணர்வர். அதனினும் உணர வேண்டியது, பாடகி தாம் பாடும் சொல்லுக்குப் பொறுப்பேற்றார் என்பது. கொடுத்ததைப் பாடிக் கூலி பெறுவதோடு அமையவில்லை. மேடைத் தர்க்கத்தில் தம் விடைக்குத் தாமே பொறுப்பாக நின்ற பயிற்சி, ஒலிப்பதிவுக் கூடத்திலும் அவரை விட்டு நீங்கவில்லை.

‘திருவிளையாடல்’ படத்தில் ஏ. பி. நாகராஜன் இயக்கத்தில், கே. வி. மகாதேவன் இசையில், கனிக்காகக் கோபித்து மலையேறிய முருகனை ஆற்றுவிக்கும் பாடலில் அக்குரலின் மேடைப் பண்பைத் தெளிவாகக் கேட்கலாம். ஒலிவாங்கிக்கு அருகில் நின்று மென்மையாகப் பாடும் பாணி திரையிசையில் வேரூன்றிவிட்ட காலம் அது. சுந்தராம்பாளோ கொட்டகையின் கடைசி வரிசைக்கே பாடினார். விருத்தமாகத் தொடங்கித் தாளத்துள் இறங்கும் முறை, சொல்லை முதலில் தெளிய வைத்துப் பின் சுரத்தால் விரிக்கும் முறை, உச்சத்தில் நிறுத்திக் கேட்போரைக் காத்திருக்கச் செய்யும் முறை ஆகிய யாவும் சங்கரதாஸ் சுவாமிகளின் மேடை தந்தவை. 1969-இல் வெளிவந்த ‘துணைவன்’ படப் பாடலுக்காகச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது அவரை அடைந்தது. அறுபதைக் கடந்தவரின் குரலுக்குக் கிடைத்த விருது அது. 1970-இல் பத்மஸ்ரீ விருதும் வந்தது. கொடுமுடியில் தம் பெயர் விளங்கத் திரையரங்கு ஒன்றையும் அவர் எழுப்பினார். பசித்த குழந்தையாகப் புறப்பட்ட ஊருக்கு உடைமையாளராகத் திரும்பினார்.

எஞ்சி நிற்பவை

1980-இல் சுந்தராம்பாள் மறைந்தார். அவருக்குப் பின் அவரைப் போற்றியவர்கள் பெரும்பாலும் அவருடைய துறவையே போற்றினர். வெள்ளுடையும் திருநீறும் பேசப்பட்ட அளவுக்கு, அவர் ஏறிய மேடைகளும் இரவுகளும் பேசப்படவில்லை. கூத்தாடி என்று இகழ்ந்த சமூகம், துறவி என்று வணங்கித் தன் பழைய சொல்லை மறைத்துக்கொண்டது. இகழ்ச்சிக்கும் வணக்கத்திற்கும் இடையே, கலைஞர் என்று வெறுமனே மதிப்பதற்கு அதற்கு மனம் வரவில்லை. துறவு பூணாமல் அதே மேடையில் அதே திறத்தோடு பாடி மறைந்த பெண்கள் எத்தனையோ பேர். ஊர்ச் சுவரில் ஒட்டிய நாடக நோட்டீசுகளோடு அவர்கள் பெயரும் மழையில் கரைந்தன. சுந்தராம்பாளுக்குக் கிடைத்த மரியாதையின் விலை எவ்வளவு என்பதை, அவர்களுக்குக் கிடைக்காத மரியாதையைக் கொண்டுதான் அளக்க வேண்டும்.

கவிஞர்களுக்கு அவர் விட்டுச்சென்றது ஒரு சோதனை. எழுதிய அடி, ஒலிபெருக்கி இல்லாத கொட்டகையில் கடைசி வரிசையில் இருப்பவன் செவிக்குச் சிதையாமல் போய்ச் சேருமா? போய்ச் சேர்ந்தபின், அச்சொல்லுக்குப் பாடியவரும் எழுதியவரும் பொறுப்பேற்று நிற்பார்களா? எழுத்து எளிதாகப் பெருகும் காலங்களில் இவ்விரு வினாக்களும் மேலும் கடுமையாகின்றன. கொடுமுடிக் குரல் பதிவான பழைய தட்டுகள் கீறலோடு சுழலும்போதும், அதன் ஒவ்வோர் எழுத்தும் இன்றும் தனித்து நின்று ஒலிக்கிறது.